வரி நோட்டீஸ் வந்தவுடன் உயர் நீதிமன்றம் செல்லலாமா? ரிட் மனுவுக்கு முன் செய்ய வேண்டியவை

வருமான வரித் துறையிலிருந்தோ ஜிஎஸ்டி அலுவலகத்திலிருந்தோ ஒரு நோட்டீஸ் வந்ததும், அதற்குப் பதில் எழுதுவதா, அல்லது அதையே ரத்து செய்யக் கோரி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அலுவலரின் செயலை எதிர்த்து நேரடியாகத் தாக்கல் செய்யும் மனு) போடுவதா என்ற கேள்வி பல வணிகர்களுக்கு எழுகிறது. பெரும்பாலான நோட்டீஸ்களுக்குப் பதில் எழுதுவதே வழி. சிலவற்றுக்கு ரிட் மனுவே சரியான வழி, அரிதாக அது ஒன்றே வழி. இவ்விரண்டையும் பிரித்தறியாமல் நீதிமன்றம் சென்றவர்கள், மனு 'முதிராத நிலையில் தாக்கல் செய்யப்பட்டது' என்று தள்ளுபடியாகி, மாதங்கள் கழித்து அதே அலுவலரிடம் அதே பதிலைத் தாக்கல் செய்ய வந்து நிற்பதைக் காண்கிறோம். அந்த நிலையைத் தவிர்ப்பது எப்படி என்பதே இங்கு சொல்லப்படுகிறது.

முதலில், கையில் இருக்கும் காகிதம் எது என்று பார்க்க வேண்டும். வருமான வரியில் 142(1), 143(2), 148ஏ, 148 ஆகிய பிரிவுகளின் கீழ் வருபவை நோட்டீஸ்கள். கடைசி இரண்டும் மறுமதிப்பீடு, அதாவது விடுபட்ட வருமானத்துக்காகக் கணக்கை மீண்டும் திறப்பது, பற்றியவை. அவை கேட்கின்றன அல்லது ஒரு நடவடிக்கையைத் தொடங்குகின்றன, வரியை முடிவு செய்வதில்லை. ஜிஎஸ்டியில் ஏஎஸ்எம்டி-10 என்பது கணக்குப் பரிசீலனையில் கண்ட வேறுபாட்டைச் சுட்டும் கடிதம். டிஆர்சி-01ஏ என்பது நோட்டீஸுக்கு முந்தைய அறிவிப்பு. டிஆர்சி-01 என்பது காரணம் கேட்கும் நோட்டீஸின் சுருக்கம். டிஆர்சி-07 என்பதோ வரியை நிர்ணயித்த ஆணையின் சுருக்கம். டிஆர்சி-07 வந்துவிட்டதென்றால் நோட்டீஸ் கட்டம் கடந்துவிட்டது. அதற்கான கணக்கு வேறு. ஜிஎஸ்டி இணையதளத்தில் 'கூடுதல் நோட்டீஸ்கள், ஆணைகள்' என்ற பகுதியைத் திறந்தே பார்க்காமல், நோட்டீஸும் நினைவூட்டலும் ஆணையும் வரிசையாக அங்கே குவிந்திருக்க, வங்கிக் கணக்கு முடக்கப்பட்ட பிறகு விழித்துக்கொள்பவர்கள் இருக்கிறார்கள். மாதம் ஒருமுறையேனும் அந்தப் பகுதியைப் பார்ப்பது எந்த வழக்கையும்விட மலிவானது.

பிரிவு எண்களைப் பற்றி ஓர் எச்சரிக்கை. 2025-ஆம் ஆண்டின் வருமான வரிச் சட்டம் 2026 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்து, எண்கள் மாறிவிட்டன. அதற்கு முந்தைய ஆண்டுகளுக்கான நடவடிக்கைகள் 1961-ஆம் ஆண்டுச் சட்டப்படியே நடப்பதால், இங்கு பழைய எண்களே தரப்பட்டுள்ளன.

நோட்டீஸ் கட்டத்தில் நீதிமன்றங்கள் ஏன் தயங்குகின்றன?

அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவு உயர் நீதிமன்றத்துக்கு அளிக்கும் அதிகாரம் மிக விரிந்தது. எனினும், காரணம் கேட்கும் நோட்டீஸ் ஒருவருடைய உரிமையை இன்னும் பாதிக்கவில்லை, விளக்கத்தைப் படித்த அலுவலர் நடவடிக்கையைக் கைவிடவும் கூடும், எனவே வழக்குத் தொடர அடிப்படையான பாதிப்பே இன்னும் பிறக்கவில்லை என்பது உச்ச நீதிமன்றத்தின் நிலையான கருத்து. அரசு ஊழியர் மீதான குற்றச்சாட்டுக் குறிப்பாணை ஒன்றைப் பற்றிய 2006-ஆம் ஆண்டு வழக்கில் சொல்லப்பட்ட இந்தக் கருத்தைத்தான் வரி வழக்குகளிலும் அரசு வழக்கறிஞர்கள் முதல் வாதமாக எடுத்து வைக்கிறார்கள். இதனுடன் சேர்ந்து வருவது மாற்றுப் பரிகாரம் என்னும் கோட்பாடு. சட்டமே மேல்முறையீட்டு அமைப்பை ஏற்படுத்தித் தந்திருக்கும்போது அதைத் தாண்டிக் குதிக்கக் கூடாது என்று டிட்டாகர் காகித ஆலை வழக்கில் 1983-இல் உச்ச நீதிமன்றம் கூறியது.

இது நீதிமன்றம் தனக்குத் தானே விதித்துக்கொண்ட கட்டுப்பாடே தவிர, அதிகாரமின்மை அல்ல. ஆகவே விதிவிலக்குகள் உண்டு. வேர்ல்பூல் வழக்கில் 1998-இல் அவை தொகுத்துச் சொல்லப்பட்டன: அடிப்படை உரிமை மீறப்பட்டிருத்தல், இயற்கை நீதி (முடிவெடுக்கும் முன் நடுநிலையுடன் ஒருவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்ற நெறி) மீறப்பட்டிருத்தல், அலுவலருக்கு அதிகாரமே இல்லாதிருத்தல், சட்டப்பிரிவின் செல்லுபடித் தன்மையே கேள்விக்குள்ளாகியிருத்தல். ரிட் மனு எழுதும் ஒவ்வொருவரும் இந்த நான்கையும் மேற்கோள் காட்டுகிறார்கள். மேற்கோள் காட்டுவது எளிது. தம் வழக்கு அவற்றில் எதனுள் அடங்குகிறது என்று ஒரே வாக்கியத்தில் சொல்ல முடிகிறதா என்பதுதான் சோதனை.

அந்தச் சோதனையை நான் இப்படி வைப்பேன். நோட்டீஸில் எழுதியிருக்கும் உண்மைகள் அனைத்தையும் அப்படியே ஒப்புக்கொண்டாலும்கூட, இந்த அலுவலர் இந்தக் கேள்வியைக் கேட்க முடியாது என்று காட்ட முடியுமா? முடியுமென்றால் நீதிமன்றம் செல்வதைப் பற்றி யோசிக்கலாம். மாறாக, 'நான் அந்தத் தொகையைக் கணக்கில் காட்டியிருக்கிறேன்', 'அந்தச் சரக்கு உண்மையாகவே வந்து சேர்ந்தது', 'அது கடன், வருமானம் அல்ல' என்று ஓர் உண்மையை நிறுவிய பிறகே வாதம் நிற்கும் என்றால், அது அலுவலரிடம் சொல்ல வேண்டிய பதில். பிரமாணப் பத்திரங்களை மட்டும் வைத்துக்கொண்டு உயர் நீதிமன்றம் கணக்குப் புத்தகங்களைச் சரிபார்க்காது.

அதிகாரமின்மை என்றால் என்ன?

நடைமுறையில் வலுவாக நிற்பது இந்த ஒரு விதிவிலக்குதான். கல்கத்தா டிஸ்கவுண்ட் கம்பெனி வழக்கில் (1961), மறுமதிப்பீட்டைத் தொடங்கச் சட்டம் விதித்த முன்நிபந்தனை நிறைவேறவில்லை என்று கண்ட உச்ச நீதிமன்றம், அதிகாரமில்லாத அலுவலர் வரி செலுத்துபவரை நீண்ட அலைக்கழிப்புக்கு ஆளாக்குவதைத் தடுக்க உயர் நீதிமன்றம் தலையிடலாம் என்றது. அடிப்படை உண்மைகளை வெளிப்படுத்துவதே வரி செலுத்துபவரின் கடமை, அவற்றிலிருந்து என்ன முடிவுக்கு வரலாம் என்று சொல்லித் தருவது அவர் கடமை அல்ல என்று அந்தத் தீர்ப்பு வகுத்த கோடு இன்றும் பயன்படுகிறது. 1973-இல் வந்த ரஸா டெக்ஸ்டைல்ஸ் தீர்ப்பு, தம் அதிகாரத்துக்கு அடிப்படையான உண்மையைத் தவறாக முடிவு செய்து அதன் மூலம் அதிகாரத்தைத் தாமே உண்டாக்கிக்கொள்ள எந்த அலுவலராலும் முடியாது என்றது.

எடுத்துக்காட்டாக, இறந்துவிட்டவரின் பெயரில் அனுப்பப்பட்ட 148 நோட்டீஸைச் சென்னை உயர் நீதிமன்றம் 2018-இல் ரத்து செய்தது. மற்றொரு நிறுவனத்துடன் இணைந்து இல்லாமற்போன நிறுவனத்தின் பெயரில் நடவடிக்கை எடுப்பது வெறும் எழுத்துப்பிழை அல்ல, அடிப்படைக் குறைபாடு என்று மாருதி சுசுகி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2019-இல் தீர்ப்பளித்தது. ஆனால் 2022-இல் மகாகுன் ரியல்டர்ஸ் வழக்கில், இணைப்பைப் பற்றி வரித் துறைக்குத் தெளிவாகச் சொல்லாமல் பழைய பெயரிலேயே நடந்துகொண்ட நிறுவனத்துக்கு அந்தப் பாதுகாப்பு மறுக்கப்பட்டது. இணைப்பு நடந்த அன்றே அலுவலருக்கு எழுதிய கடிதமும் அதன் ஒப்புகையும் இருக்கின்றனவா என்பதில் வழக்கே திரும்பிவிடுகிறது.

காலவரம்பு கடந்த நோட்டீஸும் இவ்வகையைச் சேர்ந்ததுதான், ஆனால் அந்தக் குறை நோட்டீஸைப் பார்த்தாலே தெரிய வேண்டும். 2024 செப்டம்பர் 1 முதல், 148 நோட்டீஸைப் பொதுவாக மதிப்பீட்டு ஆண்டின் முடிவிலிருந்து 3 ஆண்டு 3 மாதங்களுக்குள்ளும், வரிக்கு உட்படாமல் தப்பிய வருமானம் 50 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ஆகக்கூடும் எனக் காட்டும் ஆதாரம் இருந்தால் 5 ஆண்டு 3 மாதங்களுக்குள்ளும் அனுப்ப வேண்டும். ஏழாம் ஆண்டில் நோட்டீஸ் வந்தால் தேதியே பேசும். நான்காம் ஆண்டில் வந்து, தொகை 50 லட்சத்தைத் தாண்டுமா தாண்டாதா என்பதே சண்டையாக இருந்தால், அது உண்மையும் சட்டமும் கலந்த கேள்வி. நீதிமன்றம் பெரும்பாலும் அதை அலுவலரிடமே அனுப்பும்.

இயற்கை நீதி மீறல் என்ற வாதம் நோட்டீஸ் கட்டத்தில் அபூர்வமாகவே பொருந்தும், ஏனெனில் நோட்டீஸ் கொடுப்பதே இயற்கை நீதியின் முதல் படி. முடிவை ஏற்கெனவே எடுத்துவிட்டு, சடங்குக்காக விளக்கம் கேட்டிருப்பது நோட்டீஸின் சொற்களிலேயே தெரிந்தால் நிலைமை வேறு. சீமென்ஸ் வழக்கில் 2006-இலும் ஓரிக்ஸ் மீன்வள நிறுவன வழக்கில் 2010-இலும் உச்ச நீதிமன்றம், மூடிய மனத்துடன் அனுப்பப்பட்ட நோட்டீஸை ஏற்க முடியாது என்றது. 'மோசடி நிரூபிக்கப்பட்டுள்ளது, ஏன் அபராதம் விதிக்கக் கூடாது?' என்ற வாசகத்துக்கும், 'மோசடி எனத் தோன்றுகிறது, விளக்கம் தருக' என்ற வாசகத்துக்கும் உள்ள தூரம் இங்கு முக்கியம். நோட்டீஸில் விவரம் போதவில்லை என்பது மட்டும் குறையாக இருந்தால், எந்த ஆவணத்தின் அடிப்படையில் கேட்கிறீர்கள், அதன் நகலைத் தருக என்று எழுத்தில் கேட்டு, அது மறுக்கப்பட்ட பிறகு செல்வதே முறை.

சட்டப்பிரிவையோ அரசின் அறிவிக்கையையோ எதிர்ப்பவருக்கு அலுவலரிடம் பரிகாரம் கிடையாது. தாம் இயங்கும் சட்டத்தைச் செல்லாது என்று அவர் அறிவிக்க முடியாது. ஜிஎஸ்டி சட்டத்தின் 168ஏ பிரிவின்கீழ்க் காலக்கெடுவை நீட்டித்த அறிவிக்கைகள் பல உயர் நீதிமன்றங்களில் நேரடியாக எதிர்க்கப்பட்டது இதனால்தான்.

நோட்டீஸ் கட்டத்தில் எடுபடாதவை எவை என்பதையும் சொல்லிவிட வேண்டும். வணிகர் தாக்கல் செய்யும் ஜிஎஸ்டிஆர்-3பி கணக்குக்கும் சப்ளையர்களின் கணக்கிலிருந்து உருவாகும் 2ஏவுக்கும் உள்ளீட்டு வரியில் (கொள்முதலில் செலுத்திய வரிக்கான வரவில்) வேறுபாடு, சப்ளையரின் பதிவு பின்தேதியிட்டு ரத்தானது, வங்கியில் செலுத்திய ரொக்கத்துக்கான விளக்கம், சொத்தின் மதிப்பு ஆகிய அனைத்தும் ஆதாரத்தைப் பொறுத்தவை. மறுமதிப்பீட்டைத் தொடங்க அலுவலரிடம் முதல் நோக்கில் ஏதேனும் ஆதாரம் இருக்கிறதா என்பதை மட்டுமே அந்தக் கட்டத்தில் பார்க்க வேண்டும், அது போதுமானதா சரியானதா என்பதை அல்ல என்று ரேமண்ட் வுல்லன் மில்ஸ் வழக்கில் சொல்லப்பட்டது.

பதிலை எழுதும் முறை

ஜிகேஎன் டிரைவ்ஷாஃப்ட்ஸ் வழக்கை இங்கே நினைவுபடுத்த வேண்டும். 148 நோட்டீஸை எதிர்த்த அந்த நிறுவனத்தின் மனுக்களை, ஆட்சேபங்களை அலுவலருக்கான பதிலிலேயே சொல்லியிருக்கலாம், மனு முதிராதது என்று உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்திருந்தது. 2002 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதில் தலையிடவில்லை. ஆனால் செல்ல வேண்டிய பாதையை வகுத்தது. நோட்டீஸ் வந்தவர் வருமான அறிக்கையைத் தாக்கல் செய்து காரணங்களைக் கேட்க வேண்டும். அலுவலர் அவற்றை நியாயமான காலத்துக்குள் தர வேண்டும். ஆட்சேபம் தாக்கலானால் மதிப்பீட்டைத் தொடர்வதற்கு முன் காரணம் கூறும் ஆணையால் அதை முடித்து வைக்க வேண்டும். 2021 ஏப்ரல் முதல் 148ஏ பிரிவு ஏறத்தாழ இதையே, நோட்டீஸுக்கு முந்தைய கட்டமாக, சட்டத்துக்குள் கொண்டுவந்தது. எனவே இன்று 148ஏ நோட்டீஸுக்குத் தரும் பதில்தான் பின்னர் நீதிமன்றம் வாசிக்கப்போகும் முதல் ஆவணம். அதில் சொல்லாத ஆட்சேபத்தை ரிட் மனுவில் புதிதாகச் சொன்னால், 'இதை அலுவலரிடம் ஏன் சொல்லவில்லை?' என்பதே முதல் கேள்வியாக வரும்.

பதிலில் அதிகார வரம்பு குறித்த ஆட்சேபம் முதலில், தனித் தலைப்பின் கீழ் வர வேண்டும். அந்த ஆட்சேபத்துக்கு ஊறு நேராத வகையில் மட்டுமே பிற விளக்கங்கள் தரப்படுகின்றன என்று தெளிவாக எழுதிவிட்டு, அதன் பிறகு தொகை வாரியாக விளக்கமும் ஆதாரமும் தர வேண்டும். 'அதிகாரமில்லை' என்று மட்டும் எழுதி, கணக்கைப் பற்றி ஒரு சொல்லும் எழுதாமல் விடுவது வீரமாகத் தோன்றும். ஆட்சேபம் நிராகரிக்கப்பட்டால் கையில் இருக்கும் பொருளைக் கொண்டு ஒருதலைப்பட்ச மதிப்பீடு நடக்கும், மேல்முறையீட்டில் புதிய ஆதாரத்தை ஏற்கச் செய்வது தனிப் போராட்டமாகிவிடும்.

காலம் கடந்து எழுப்பினால் சில ஆட்சேபங்கள் செத்துப்போகும். தாம் எந்த அலுவலரின் எல்லைக்குள் வருகிறோம் என்ற ஆட்சேபத்தை, 142(1), 143(2) நோட்டீஸ்களைப் பொறுத்தவரை, கிடைத்த ஒரு மாதத்துக்குள் எழுப்ப வேண்டும் என்கிறது 124(3). நோட்டீஸ் முறையாகச் சேர்ப்பிக்கப்படவில்லை என்ற குறையை மதிப்பீடு முடியும் முன் சொல்லாமல் நடவடிக்கையில் பங்கேற்றவர் பின்னர் அதைச் சொல்ல முடியாதபடி 292பிபி தடுக்கிறது. சிறு எழுத்துப்பிழைகளால் நோட்டீஸ் செல்லாமற்போகாது என்று 292பி சொல்வதையும் சேர்த்துப் படித்தால், பெயரில் ஓர் எழுத்து மாறியதற்காக வழக்கறிஞரைத் தேடுவது தேவையற்றது என்பது விளங்கும்.

ஜிஎஸ்டி நோட்டீஸுக்கான பதிலை டிஆர்சி-06 படிவத்தில் தாக்கல் செய்யும்போதே, நேரில் விசாரணை வேண்டும் என்று எழுத்தில் கேட்டுவிட வேண்டும். எழுத்தில் கேட்டாலோ, பாதகமான முடிவு எடுக்கவிருந்தாலோ, விசாரணைக்கு வாய்ப்பளித்தே ஆக வேண்டும் என்று 75(4) கட்டாயப்படுத்துகிறது. போதிய காரணம் காட்டினால் மூன்று முறை வரை வாய்தா தரலாம் என்று 75(5) அனுமதிக்கிறது. ஆணையில் விதிக்கும் தொகை நோட்டீஸில் குறிப்பிட்ட தொகையைத் தாண்டக் கூடாது, நோட்டீஸில் சொல்லாத காரணத்தை ஆணையில் சேர்க்கவும் கூடாது என்று 75(7) தடுக்கிறது. இவற்றில் ஒன்று மீறப்பட்டு ஆணை வந்தால், அப்போது தாக்கல் செய்யும் ரிட் மனுவுக்கு உண்மையான வலு இருக்கும். நோட்டீஸ் கட்டத்தில் இல்லாத இயற்கை நீதி மீறல் இப்போது பதிவேட்டிலேயே இருக்கிறது. விசாரணையின்றிப் பிறப்பித்த ஜிஎஸ்டி ஆணைகளைச் சென்னை உயர் நீதிமன்றம், வரியில் ஒரு பகுதியைச் செலுத்தும் நிபந்தனையுடன், பல வழக்குகளில் மறுவிசாரணைக்கு அனுப்பியிருக்கிறது.

தடை ஆணையும் காலக்கணக்கும்

காலம் தாழ்த்துவதற்காகவே சிலர் நோட்டீஸை எதிர்த்து மனு போடுகிறார்கள். இடைக்காலத் தடை கிடைத்தால் துறைக்குக் கெடு முடிந்துவிடும் என்ற நம்பிக்கை அதன் பின்னே இருக்கிறது. அந்த நம்பிக்கைக்கு அடிப்படை இல்லை. நீதிமன்றத் தடை நீடித்த காலத்தை மதிப்பீட்டுக்கான கெடுவிலிருந்து கழித்துவிட வேண்டும் என்று வருமான வரிச் சட்டத்தின் 153-ஆவது பிரிவின் விளக்கமும், ஜிஎஸ்டியில் 75(1)-உம் சொல்கின்றன. தடை இருக்கும் வரை துறையின் கடிகாரம் நின்றுவிடுகிறது. மனு தோற்றால், தாமதமான வரிக்கான வட்டியே மிஞ்சலாம்.

நம் பக்கத்துக் கடிகாரமோ நிற்பதில்லை. மனு நிலுவையில் இருக்கும்போது, தடை ஏதுமில்லாமல் ஆணை பிறந்துவிட்டால், மேல்முறையீட்டுக் கெடு ஓடத் தொடங்கும். வருமான வரியில் ஆணையர் (மேல்முறையீடு) முன் 30 நாள். தகுந்த காரணம் இருந்தால் தாமதத்தை அவர் மன்னிக்கலாம். ஜிஎஸ்டியில் 107-ஆவது பிரிவின்படி 3 மாதம், அதற்கு மேல் மன்னிக்கக்கூடியது இன்னும் ஒரு மாதம் மட்டுமே. அந்தக் கடைசிக் கெடுவும் கடந்த பிறகு ரிட் மனு மூலம் அதைச் சரிசெய்ய முயல்வதை, கிளாக்ஸோ ஸ்மித்க்ளைன் வழக்கில் 2020-இல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆகவே ரிட் மனு நிலுவையில் இருந்தாலும், கெடுவுக்குள் மேல்முறையீட்டை ஆயத்தமாக வைத்திருப்பது கட்டாயம்.

செலவையும் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். மதிப்பீட்டை எதிர்த்து ஆணையர் (மேல்முறையீடு) முன் செல்லக் கட்டணம் அதிகபட்சம் 1,000 ரூபாய். மேல்முறையீடு முடியும் வரை வசூலை நிறுத்திவைக்க, 2017 ஜூலை 31 தேதியிட்ட மத்திய நேரடி வரிகள் வாரியத்தின் குறிப்பாணைப்படி, பொதுவாகப் பிரச்சினைக்குரிய தொகையில் 20% கேட்பார்கள். ஜிஎஸ்டி முதல் மேல்முறையீட்டுக்குப் பிரச்சினைக்குரிய வரியில் 10% முன்வைப்பாகச் செலுத்த வேண்டும். இந்த 10 விழுக்காட்டைத் தவிர்ப்பதற்காகவே ரிட் மனு போடுபவர், நீதிமன்றமும் அதே அளவோ கூடுதலாகவோ செலுத்தச் சொல்லக்கூடும் என்பதையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

மனு போட்டே தீர வேண்டுமென்றால்

சோதனையில் தேறிய வழக்கென்றால் தயங்கவும் கூடாது. நோட்டீஸுக்கான பதில் கெடு முடிவதற்குள், பதிலைத் தாக்கல் செய்துவிட்டோ, ஆட்சேபத்தைப் பதிவு செய்துவிட்டோ செல்வது நல்லது. பிரமாணப் பத்திரத்தின் முதல் பக்கங்களிலேயே அதிகாரக் குறைபாடு எது என்பது வர வேண்டும். இருபது பக்கங்களுக்குக் கணக்கு விளக்கம் எழுதி, இருபத்தோராம் பக்கத்தில் காலவரம்பைத் தொட்டால், 'இது உண்மை பற்றிய தகராறு' என்று எதிர்த்தரப்பு சொல்ல மனுதாரரே வழிவிடுகிறார். ஏற்கெனவே தாக்கல் செய்த பதில், கலந்துகொண்ட விசாரணை, நிலுவையில் உள்ள மேல்முறையீடு எதையும் மறைக்கக் கூடாது. ரிட் அதிகாரம் நீதிமன்றத்தின் விருப்புரிமை என்பதால், மறைப்பு வெளிப்பட்டால் அதுவொன்றே மனுவைத் தள்ளப் போதும்.

மனு முதல் நாள் விசாரணைக்கு வரும்போது நீதிபதியின் போக்கு மாற்றுப் பரிகாரத்தை நோக்கிச் செல்வது தெரிந்தால், நோட்டீஸ் சரியா தவறா என்பது பற்றி வாதிட்டு முழுத் தீர்ப்பை வரவழைப்பது அறிவுடைமை ஆகாது. நோட்டீஸ் சரி என்ற கருத்து அந்தத் தீர்ப்பில் பதிவாகிவிட்டால், அலுவலரும் மேல்முறையீட்டு அதிகாரியும் அதைத் தாண்டி வரமாட்டார்கள். அந்நேரத்தில், மனுவைத் திரும்பப் பெற அனுமதி, பதில் தாக்கல் செய்யக் குறிப்பிட்ட வாரங்கள், அதிகார வரம்பு உட்பட எல்லா வாதங்களும் திறந்தே விடப்படுகின்றன என்ற வாசகம், ஆட்சேபத்தை முதலில் காரணம் கூறும் ஆணையால் முடிக்க வேண்டும் என்ற கட்டளை ஆகிய நான்கையும் வழக்கறிஞர் வாய்மொழியாகக் கேட்டு ஆணையில் பதிவு செய்விக்க வேண்டும். ஆணையின் நகல் கிடைத்த அன்றே, அதை இணைத்து, அலுவலருக்கு ஒரு கடிதம் எழுதி ஒப்புகை பெற்றுக்கொள்ள வேண்டும். நீதிமன்றம் தந்த வாரங்கள் ஆணையில் குறித்தபடி ஓடத் தொடங்கியிருக்கும்.